மெயின் ரோட்டை விட்டு விலகி

நுவரெலியாவிலிருந்து கண்டிப் பக்கம் போகும் ஏ-5 சாலை, ஊரைத் தாண்டியதும் கொஞ்சம் ஏறிவிட்டு, லபுக்கெலைக்கு மேலிருந்து ஒரே இறக்கமாக இறங்குகிறது. நகரம் இருப்பது 1,868 மீட்டர் உயரத்தில். இறங்கிச் சேரும் இறம்பொடை ஆயிரம் மீட்டரை ஒட்டி. இடையில் இருப்பதெல்லாம் தேயிலையும் கொண்டை ஊசி வளைவுகளும்தான். வளைவுகளில் பூங்கொத்தோடு ஆட்கள் நிற்பார்கள். முன்பெல்லாம் சிறுவர்கள் என்பார்கள். நான் பார்த்தவர்களில் வாலிபர்களும் இருந்தார்கள், தலை நரைத்தவர்களும் இருந்தார்கள். முதல் வளைவில் கார் நிற்காமல் போனால், அந்த ஆள் தேயிலைக்குள் குறுக்குப் பாதையில் செங்குத்தாக ஓடி இறங்கி, அடுத்த வளைவில் அதே பூவோடு காருக்கு முன்னால் வந்து நிற்பார். அங்கேயும் வாங்கவில்லையென்றால் அதற்கடுத்த வளைவு. காரில் போகிறவர்களுக்கு இது வேடிக்கை. சிரித்தபடி படம் எடுத்துக்கொள்கிறார்கள். நாங்கள் ஒரு குழுவாகச் சைக்கிளில் இறங்கியபோது அந்த ஆளின் வேகமும் எங்கள் வேகமும் ஏறக்குறைய ஒன்றாகவே இருந்தன. அவர் மூச்சு வாங்குவது காதில் விழுந்தது. கணுக்காலில் அட்டை கடித்த இடத்தில் ரத்தம் வழிந்து காய்ந்திருப்பது கண்ணில் பட்டது. பூ வாங்கினேன். வாங்கிய பிறகும் அவர் முகம் மனதை விட்டுப் போகவில்லை.

நான் நீலகிரிக்காரி. கோத்தகிரி, குன்னூர், கூடலூர்ப் பக்கம் யாரைக் கேட்டாலும் 'சிலோன்காரங்க' குடியிருப்பைக் காட்டுவார்கள். 1964 அக்டோபர் 30-ஆம் தேதி லால் பகதூர் சாஸ்திரியும் சிறிமாவோ பண்டாரநாயக்கவும் போட்ட ஒப்பந்தத்தில், மலைநாட்டுத் தமிழர்கள் 9,75,000 பேரைக் கணக்கெடுத்து, 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மீதி 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்வோம் என்று பங்கு பிரித்தார்கள். அந்த மீதியையும் 1974-ல் ஆளுக்கு 75,000 என்று பிரித்துக்கொண்டார்கள். பிரிக்கப்பட்டவர்களை யாரும் கேட்கவில்லை. தலைமன்னாரிலிருந்து கப்பலேறி ராமேஸ்வரத்தில் இறங்கியவர்களில் பல குடும்பங்களைத் தமிழக அரசு 1968-ல் தொடங்கிய டான்டீ தேயிலைத் தோட்டங்களில் குடியமர்த்தியது. எங்கள் தெருக்கோடியில் அப்படி வந்த பாட்டி ஒருவர் இருந்தார். எந்த ஊர் என்று கேட்டால் மாவட்டம் சொல்ல மாட்டார், நாடு சொல்ல மாட்டார். 'இறம்பொடை' என்பார். எல்லோருக்கும் தெரிந்திருக்கும் என்ற நம்பிக்கை அந்தக் குரலில் இருக்கும். அவர் காலமாகிப் பல வருடங்கள் கழித்து, 2025 மாசி மாதத்தில்தான் அந்த ஊரைப் பார்க்க எனக்கு வாய்த்தது.

பார்த்த விதம் நல்ல விதம் என்று நினைக்கிறேன். இறம்பொடைக்கு மேலே ஒரு தோட்டத்தில், தொழிலாளர்களின் வரிசைக் குடியிருப்பான லயத்தில் பிறந்து வளர்ந்த ஒரு தம்பி, ஒரு நாள் சைக்கிள் பயணம் நடத்துகிறார். ஜப்பானிலிருந்து வந்து கொழும்பில் விற்கும் பழைய கியர் சைக்கிள்களை வாங்கித் தானே பழுது பார்த்து வைத்திருக்கிறார். ஒரு குழுவுக்கு ஆறு பேருக்கு மேல் சேர்ப்பதில்லை. எங்களோடு நெதர்லாந்திலிருந்து வந்த ஒரு தம்பதி, கொழும்பில் படிக்கும் இரண்டு சிங்களப் பிள்ளைகள். கிளம்பும் முன்பு அவர் தமிழிலும் சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் சொன்னது இவ்வளவுதான்: கேட்காமல் யாரையும் படம் எடுக்கக் கூடாது. பிள்ளைகளுக்கு டொபி, பேனா, காசு எதுவும் கொடுக்கக் கூடாது. கூப்பிட்டால் ஒழிய லயத்துக்குள் போகக் கூடாது. இறக்கத்தில் ஒருவர் பின் ஒருவராகத்தான் போக வேண்டும்.

எத்தனையோ கிராமச் சுற்றுலாக்களில், மனிதர்களை மிருகக்காட்சிசாலை போலப் பார்த்துவிட்டுத் திரும்பும் கூட்டத்தைக் கண்டிருக்கிறேன். அதனால் இந்த நாலு வாக்கியத்துக்காகவே அந்தத் தம்பிமேல் எனக்கு மரியாதை வந்துவிட்டது.

இந்த யோசனை எப்படி வந்தது என்று கேட்டேன். 2023-ல் வந்தது என்றார். மலையகத் தமிழர் இலங்கைக்கு வந்து 200 ஆண்டுகள் ஆனதை ஒட்டி, அந்த வருடம் ஜூலை 28-இல் தலைமன்னாரில் தொடங்கி ஆகஸ்ட் 12-இல் மாத்தளையில் முடிந்த நடைபயணத்தில் அவரும் கலந்துகொண்டிருக்கிறார். காப்பித் தோட்டங்களுக்காகக் கூட்டி வரப்பட்ட அந்தக் காலத்து ஜனங்கள் மன்னார்க் காட்டு வழியே நடந்து, காலராவிலும் பசியிலும் பாதி வழியில் விழுந்து மடிந்த அதே திசையில் நடந்தது அந்தப் பயணம். "நடந்து பாத்தப்பதான் அக்கா வெளங்குச்சு. இந்த நாட்ட வேனுக்குள்ள இருந்து பாத்தா எங்க ஆளுங்க கண்ணுல படவே மாட்டாங்க" என்றார்.

மெயின் ரோட்டில் சைக்கிள் விடுவது லேசான காரியமில்லை. கொழும்பு பஸ்கள் வளைவில் ஹாரனை அழுத்தியபடி பாதி ரோட்டைத் தாண்டி வரும். கெரண்டி எல்லவுக்கு அருகே எங்களை ஓரமாக நிறுத்திப் பிரேக்கைத் தொட்டுப் பார்க்கச் சொன்னார் தம்பி, ரிம் கொதித்துக்கொண்டிருந்தது. ஆறும்வரை அங்கேயே உட்கார்ந்து தண்ணீர் குடித்தோம். அதே 2025-ஆம் வருடம் மே 11-ஆம் தேதி அதிகாலையில், கதிர்காமத்திலிருந்து குருநாகலுக்குப் போய்க்கொண்டிருந்த பஸ் அந்த இடத்தில் பள்ளத்தில் உருண்டு இருபதுக்கும் மேற்பட்டவர்கள் மாண்டார்கள் என்ற செய்தியைப் பிறகு ஊரில் இருந்து படித்தபோது, கையில் அந்தச் சூடு திரும்ப ஏறியது. இந்த இறம்பொடைக் கணவாய் பழைய காலத்திலிருந்தே பலி வாங்கியிருக்கிறது. 1840-களின் இறுதியில் நுவரெலியாவில் குடியேற வந்த சாமுவேல் பேக்கர் என்ற ஆங்கிலேயர், தன் குதிரைக்காரன் குடிபோதையில் வண்டியைக் குதிரைகளோடு இங்கே பள்ளத்தில் தள்ளியதையும், பிறகு அவனே ஒரு யானையை இந்த ஏற்றத்தில் ஓட்டோ ஓட்டென்று ஓட்டிச் சாகடித்ததையும் எழுதி வைத்திருக்கிறார். யானைக்கே அந்தக் கதி. தலையில் மூட்டையும் இடுப்பில் பிள்ளையுமாக இதே ஏற்றத்தில் ஏறிய பெண்களைப் பற்றி எழுதி வைக்க அன்றைக்கு ஆள் இல்லை.

லபுக்கெலைக்குக் கீழே ஓரிடத்தில் மெயின் ரோட்டை விட்டு விலகினோம். தோட்டத்தின் பெயரை நான் எழுதப் போவதில்லை. எங்களோடு நின்று பேசியவர்கள் நாளைக் காலை வேலை பிரிக்கும் பிரட்டுக்களத்தில் தோட்டத் துரைக்குப் பதில் சொல்லக்கூடிய நிலையில் இருக்கிறவர்கள்.

வெள்ளைக்காரன் காலத்தில் போட்ட கல்ரோடு. பெரிய கருங்கல்லாகப் பதித்து, நடுவில் புல் முளைத்து, ஓரத்தில் வாய்க்கால் ஓடும் பாதை. சைக்கிளில் ஏறினால் பல் கிடுகிடுக்கும். இறங்கித் தள்ளிக்கொண்டுதான் போனோம், அதுதான் நல்லதும் ஆயிற்று. வேகம் குறைந்ததும் மலை பேச ஆரம்பித்தது. எங்கேயோ மேலே பெண்கள் ஒருவரையொருவர் பெயர் சொல்லிக் கூப்பிடும் குரல், பீலியில் தண்ணீர் விழும் சத்தம், கோவில் ஒலிபெருக்கியில் பாதி அறுந்த பாட்டு.

தேயிலையை நான் தினமும் பார்க்கிறவள். ஆனாலும் எங்கள் பக்கத்தில் பெரும்பாலும் கத்தரியால் வெட்டிப் பையில் சேர்க்கும் வேலையைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு, இங்கே கையால் கொழுந்தெடுக்கும் வேகம் பிரமிப்பாக இருந்தது. இரண்டு கையும் தனித்தனியே வேலை செய்கின்றன. கண் அடுத்த செடியில் இருக்கிறது. விரல் இந்தச் செடியில் கொழுந்தைக் கிள்ளி உள்ளங்கையில் சேர்க்கிறது. கை நிறைந்ததும் தலைக்குப் பின்னால் வீசினால் கூடையில் விழுகிறது. ஒரு இலை கீழே சிந்துவதில்லை. இடுப்பில் சுற்றியிருக்கும் படங்கு, செடி கிழிக்காமல் இருக்க. காலில் சவர்க்காரம் தடவியிருக்கிறார்கள், அட்டைக்காக. குளவிக்கு அப்படித் தடவ ஒன்றும் இல்லை. கொழுந்து மலையில் குளவி கொட்டி இறந்தவர்களைப் பற்றி இலங்கைத் தமிழ்ப் பத்திரிகைகளில் அடிக்கடி செய்தி வரும்.

மத்தியானத்துக்கு முன்பே முதல் நிறுவை. கொழுந்து நிறுக்கும் மடுவத்தில் பெண்கள் வரிசையில் நின்றார்கள். கூடையில் இருந்த கொழுந்து சாக்குக்கு மாறி, தராசுக் கொக்கியில் தொங்கியது. எலெக்ட்ரானிக் தராசில் சிவப்பு எண்கள் ஓடி ஒரு இடத்தில் நின்றன. கணக்கப்பிள்ளை எண்ணைச் சொல்லவில்லை. எழுதிக்கொண்டார். எழுதியது தராசு காட்டியதைவிடக் குறைவு: சாக்கின் எடை ஒரு கழிவு, இலையில் ஈரம் என்று இன்னொரு கழிவு. அன்றைக்கு வெயில் சுள்ளென்று அடித்தது. வரிசையில் நின்ற ஒருத்தரும் வாய் திறக்கவில்லை. நான் பார்ப்பதைக் கவனித்த ஓர் அக்கா, சாக்கை உதறி மடித்துக்கொண்டே, "வெயில்லயும் ஈரந்தான் புள்ள" என்று மட்டும் சொல்லிவிட்டு மலைக்குத் திரும்பிவிட்டார்.

கழிவு ஏன் முக்கியம் என்பதைத் தம்பி வழியில் விளக்கினார். ஒரு நாளைக்கு இத்தனை கிலோ என்று 'நோம்' உண்டு. 18 கிலோ, 20 கிலோ என்று தோட்டத்துக்குத் தோட்டம் மாறும். அதை எடுத்தால்தான் முழுப்பேர். குறைந்தால் அரைப்பேர். இரண்டு கிலோ கழிவு என்பது சில நாள் பாதிச் சம்பளம் ஆகிவிடும். நாள் சம்பளம் ஆயிரம் ரூபாய் வேண்டும் என்று வருடக்கணக்கில் போராடி, 2021-ல்தான் அது கிடைத்தது. 2024-ல் 1,350 ஆயிற்று. இடையில் 2022 பொருளாதார நெருக்கடியில் அரிசி, மாவு விலை எங்கேயோ போய்விட்டது. இலங்கைத் தேயிலை 2024-ல் ஏற்றுமதியில் ஈட்டியது சுமார் 140 கோடி டாலர். கொழும்பில் 1883 முதல் நடக்கும் ஏலத்தில் இந்த மலையின் கொழுந்துக்கு நல்ல விலை உண்டு. அந்த விலைக்கும் மடுவத்துச் சிவப்பு எண்ணுக்கும் நடுவில் எத்தனை கை இருக்கிறது என்பதை அந்த நெதர்லாந்துப் பெண்மணி ஒவ்வொன்றாகக் கேட்டுக் குறித்துக்கொண்டார். அவர் ஊரில் தேயிலைப் பொட்டலத்தில் அச்சடித்திருப்பது கூடை சுமந்து சிரிக்கும் பெண்ணின் படம்தானாம்.

சாப்பாடு தம்பியின் பெரியம்மா வீட்டில். அவர் வாசலில் வந்து கூப்பிட்ட பிறகுதான் போனோம். முதுகோடு முதுகாக ஒட்டிய இரட்டை வரிசை லயம். ஒரு குடும்பத்துக்கு ஒரு காம்பரா, முன்னால் ஒரு தாழ்வாரம். காம்பரா பத்தடிக்குப் பன்னிரண்டடி இருந்தால் அதிகம். அந்த இடத்துக்குள் ஒரு கட்டில், அதன் கீழே பாத்திரமும் பள்ளிப் புத்தகமும், சுவரில் முருகனும் மாரியம்மனும் மாலை போட்ட தாத்தாவும். கூரைத் தகரத்தில் ஓட்டை விழுந்த இடங்களைத் தாரால் அடைத்திருந்தார்கள். தேங்காய் ரொட்டியும் கட்டச் சம்பலும், கூடவே கீரைக் கடையல். கடைசியில் சாயத்தண்ணி, சீனியை உள்ளங்கையில் வைத்து நக்கிக்கொண்டே குடிக்க வேண்டும். இந்த மலையில் முளைத்த கொழுந்தின் நல்ல தூள் கப்பலேறிவிடுகிறது. அவர்கள் குடிப்பது தோட்டத்தில் கொடுக்கும் தூள். இருந்தாலும் அந்தத் தேத்தண்ணியின் ருசி எனக்கு இன்னமும் நாக்கில் இருக்கிறது.

நான் கோத்தகிரி என்றதும் பெரியம்மா எழுந்து வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"கோத்தகிரியா? எங்க சின்னம்மா குடும்பம் அங்கிட்டுத்தான் போச்சு. எழுபத்திரெண்டா, எழுபத்திமூணா தெரியல. கோச்சிக்கு வழியனுப்பப் போனப்ப எனக்குப் பத்து வயசு. அங்க அவங்களுக்கு வீடு சொந்தமா தாயி?"

அந்தக் கேள்விக்கு நான் தயாராக இல்லை. டான்டீயில் வேலை செய்கிறவர்கள் இருப்பதும் தோட்டக் குடியிருப்புதான். வேலை முடிந்தால் வீட்டை விட வேண்டும். டான்டீ நிலத்தில் ஒரு பகுதியை வனத்துறைக்கே திருப்பிக் கொடுப்பதென்று 2022-ல் அரசு முடிவெடுத்த பிறகு, எங்கே போவது என்று அந்த ஜனங்கள் கலங்கிப் போனார்கள். இதை எவ்வளவு சுருக்கிச் சொல்ல முடியுமோ அவ்வளவு சுருக்கிச் சொன்னேன். அவர் கொஞ்ச நேரம் யோசித்தார்.

"அப்ப போனவங்களுக்கும் இல்ல, இருந்தவங்களுக்கும் இல்ல" என்றார்.

இரண்டு நாடுகள் ஒரு ஜனத்தைப் பங்கு போட்டதன் முழு வரவு செலவையும் அந்த ஒரு வாக்கியத்தில் அவர் முடித்துவிட்டார். 1948-ஆம் ஆண்டின் 18-ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம் இவர்களை நாடற்றவர்கள் ஆக்கியது. மிச்சமிருந்தவர்களுக்கும் முழுசாகக் குடியுரிமை கிடைக்க 2003 வரை ஆயிற்று. ஓட்டுச்சீட்டு வந்தது, அடையாள அட்டை வந்தது, காணி மட்டும் வரவில்லை. 1972-லும் 1975-லும் தோட்டங்கள் அரசுடைமையாயின. 1992 முதல் அரசு அவற்றைக் கம்பெனிகளிடம் கொடுத்தது. லயம் இருக்கும் மண் அரசுக்குச் சொந்தம், குத்தகை கம்பெனிக்கு, குடியிருப்பு மட்டும் இவர்களுக்கு. இந்திய உதவியிலும் அரசுத் திட்டத்திலும் ஏழு பேர்ச்சஸ் காணியில் தனி வீடு கட்டிக் கொடுப்பது நடக்கிறது. நம் கணக்கில் நாலு சென்டுக்குக் கொஞ்சம் மேல். போகிற வழியில் நீலமும் மஞ்சளுமாக அப்படிச் சில வீடுகளைப் பார்த்தேன், வாசலில் ரோஜாச்செடி வைத்திருந்தார்கள். ஆனால் லயங்களின் எண்ணிக்கைக்கு முன்னால் அவை சொற்பம்.

காணி இல்லையென்றால் முகவரியும் இல்லை என்பதை அங்கேதான் புரிந்துகொண்டேன். "எங்க லயத்துக்கு நம்பர் கெடையாது அக்கா. கடிதாசி தோட்ட ஆபீசுக்குத்தான் வரும். அங்க கெடந்து, யாராச்சும் எடுத்துட்டு வந்தா கைக்குக் கெடைக்கும்." என்றார் தம்பி. அவரோடு கூடப் படித்த ஒருவருக்கு நேர்முகத் தேர்வுக் கடிதம், தேர்வு முடிந்து பத்து நாள் கழித்துக் கிடைத்ததாம். தம்பி தன் சைக்கிள் தொழிலுக்குக் கடன் கேட்டுப் போன இடத்திலும் முதல் கேள்வி, இடம் யார் பெயரில் என்பதுதான். ஏழு தலைமுறையாக இருக்கும் இடத்துக்கு ஒரு காகிதம் காட்ட அவரால் முடியவில்லை. கடைசியில் கொழும்பில் துணிக்கடையில் வேலை செய்யும் அக்காவின் நகையை அடகு வைத்துத்தான் முதல் நாலு சைக்கிளும் வந்தன.

லயத்துக்குப் பின்னால் கொஞ்சம் சமமான மண் தரை. காமன் பொட்டல். மாசி அமாவாசை முடிந்து கம்பம் ஊன்றியிருந்தார்கள். வைக்கோல் பிரி சுற்றி, மாவிலை கட்டி, அடியில் சாணம் மெழுகியிருந்தது. தமிழ்நாட்டில் பல ஊர்களில் பேச்சோடு போய்விட்ட காமன் கூத்தை இவர்கள் இன்னமும் விடாமல் ஆடுகிறார்கள். ரதியும் மதனும் வீடு வீடாக வருவார்கள், தப்பு முழங்கும், கடைசி இரவில் சிவன் நெற்றிக்கண் திறந்து மதனை எரிப்பார், ரதி அழுவாள், விடிந்தால் கொழுந்து மலை. ரதி வேஷம் கட்டும் பையனைத் தம்பி அறிமுகம் செய்துவைத்தார். ஹட்டனில் கைத்தொலைபேசி பழுது பார்க்கும் கடையில் வேலை. இதற்காக லீவு போட்டு வந்திருந்தான். எத்தனை பாட்டுத் தெரியும் என்று கேட்டேன். "தாத்தாவுக்கு தெரிஞ்சதுல பாதி" என்றான். மீதியைப் போனில் பதிந்து வைத்திருக்கிறானாம். எங்களுக்காக ஆடிக் காட்டச் சொல்லவில்லை, அவனும் ஆடவில்லை. அது சாமி காரியம், சுற்றுலா நிகழ்ச்சி இல்லை என்பதில் தம்பி உறுதியாக இருந்தார். இரவு தங்க முடிந்தால் வந்து ஓரமாக நின்று பாருங்கள் என்று மட்டும் சொன்னார்.

அங்கிருந்து கீழே இறங்கும் பாதையில் கொத்மலை நீர்த்தேக்கம் முழுசாகத் தெரிகிறது. மகாவலித் திட்டத்தில் சுவீடன் உதவியோடு கட்டி 1985-ல் முடித்த அணை. அதன் அடியில் வயலும் விகாரையுமாகச் சிங்களக் கிராமங்கள் மூழ்கிக் கிடக்கின்றன. தண்ணீர் வற்றினால் கடதொர விகாரையின் சுவர்கள் வெளியே வரும். எங்களோடு வந்த சிங்களப் பிள்ளைகளில் ஒருத்தியின் பாட்டி குடும்பம், அந்தப் பள்ளத்தாக்கிலிருந்து எழுப்பி உலர்ந்த பிரதேசத்துக்கு அனுப்பப்பட்டவர்கள். அவள் நீரைக் காட்டிச் சிங்களத்தில் ஏதோ சொல்ல, தம்பி பதில் சொல்ல, இரண்டு பேரும் ரொம்ப நேரம் பேசிக்கொண்டிருந்தார்கள். மொழிபெயர்த்துச் சொல்லும்படி நான் கேட்கவில்லை.

இறம்பொடை ஊருக்குள் வந்ததும் சுற்றுலா உலகம் மறுபடி தொடங்குகிறது. 109 மீட்டர் உயர அருவி, அதைப் பார்க்கும் ஹோட்டல்கள், மலையைக் குடைந்து போட்ட 225 மீட்டர் சுரங்கப் பாதை. சின்மயா மிஷன் கட்டிய பக்த அனுமன் கோவிலுக்கு இந்தியாவிலிருந்து பஸ் பஸ்ஸாக வருகிறார்கள். சீதையைத் தேடி வந்த அனுமன் இந்த மலையில்தான் கால் வைத்தான் என்று நம்பிக்கை. கோவில் குன்றின் மேல், காற்று நன்றாக வருகிறது, சுத்தமாக இருக்கிறது. நானும் கும்பிட்டேன். வெளியே வந்ததும், திருச்சியிலிருந்து வந்த ஒரு குடும்பம் அடுத்து சீதை கோவில் இருக்கும் சீதா எலியாவுக்குப் போக அவசரமாக வேன் ஏறிக்கொண்டிருந்தது. அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனசில்லை. அவர்களைக் கூட்டி வருகிறவர்கள்தான் இந்த மலையில் அனுமன் காலடியைக் காட்டுகிறார்கள், திருச்சிப் பக்கத்திலிருந்தும் புதுக்கோட்டையிலிருந்தும் சேலத்திலிருந்தும் வந்து இதே மலையில் காலூன்றிய ஜனத்தைக் காட்டுவதில்லை.

அந்தக் கோவில் இருக்கும் பகுதி வேவண்டன். மலையக அரசியலுக்கு அது தலைநகர் என்றே சொல்லலாம். அப்போதைய இராமநாதபுரம் மாவட்டத்திலிருந்து வந்து, கங்காணியாக உயர்ந்து, கடைசியில் வேவண்டன் தோட்டத்தையே விலைக்கு வாங்கியவர் கருப்பையா. அவர் மகன் சௌமியமூர்த்தி தொண்டமான், 1913-ல் பிறந்து சிறுவனாக இங்கே வந்தவர். 1939-ல் நேரு வந்தபோது உருவான இலங்கை இந்தியன் காங்கிரஸ்தான் பிறகு இலங்கைத் தொழிலாளர் காங்கிரஸ் ஆனது. 1947 தேர்தலில் அதன் சார்பில் ஏழு பேர் நாடாளுமன்றம் போனார்கள், நுவரெலியாவுக்குத் தொண்டமான். அடுத்த வருடமே குடியுரிமைச் சட்டம் வந்தது ஏன் என்பதற்கு அந்த ஏழு ஆசனங்கள் ஒரு பெரிய காரணம். தோட்ட முதலாளி வீட்டுப் பிள்ளை தொழிற்சங்கத் தலைவரான அந்த வாழ்க்கையைப் பற்றி மலையகத்தில் இரண்டு விதமாகவும் பேசக் கேட்டேன். ஓட்டுரிமையை மீட்டுத் தந்தவர் என்று பெரியம்மா கையெடுத்துக் கும்பிட்டார். அவ்வளவு பலம் இருந்தும் காணி வாங்கித் தரவில்லையே என்றார் தம்பி. இரண்டுமே உண்மை என்றுதான் எனக்குப் படுகிறது.

பயணக் கட்டணத்தில் என்ன எங்கே போகிறது என்பதைத் தம்பி ஒளிக்கவில்லை. சாப்பாட்டுக்குப் பெரியம்மாவுக்கு ஒரு பங்கு. அவர் ஒரு நாள் மலைக்குப் போனால் கிடைப்பதைவிட அது கூடுதல். கோவில் திருவிழாக் கணக்கில் ஒரு பங்கு. சைக்கிளைத் திரும்ப மேலே ஏற்றும் சின்ன லொறிக்கு ஒரு பங்கு; லொறிக்காரரும் தோட்டத்து ஆள். இந்த மலையின் அழகை விற்று வாழும் ஹோட்டல்களும் ஏஜென்சிகளும் ஏராளம். அந்த அழகைச் செதுக்கியவர்களுக்கு அதில் கிடைக்கிற வேலை அனேகமாகச் சமையலறையிலும் தோட்டக்காரராகவும்தான். வழிகாட்டி தோட்டத்துப் பிள்ளையாக இருப்பது என்பது வெறும் நல்லெண்ணச் சமாச்சாரம் அல்ல. இந்தப் பாறையில் எந்தத் தேயிலை வரிசையை யார் பாட்டி நட்டாள் என்று சொல்ல அவரைத் தவிர வேறு யாராலும் முடியாது. தமிழ்நாட்டிலிருந்து இராமாயணப் பயணம் வருகிறவர்கள் அரை நாளை இப்படி ஒரு பிள்ளைக்குக் கொடுத்தால், கோவில் தரிசனத்துக்கு ஒரு குறைவும் வந்துவிடாது.

2025 நவம்பர் கடைசியில் டித்வா புயல் மலைநாட்டைப் புரட்டிப் போட்டது. நாட்டில் நூற்றுக்கணக்கானோர் இறந்தார்கள். கண்டி, நுவரெலியா, பதுளை மாவட்டங்களில் மண்சரிவு குடும்பம் குடும்பமாகக் கொண்டுபோனது. பாதைகள் அறுந்து, போனும் மின்சாரமும் இல்லாமல் நாலு நாள் தம்பியிடமிருந்து தகவல் இல்லை. ஐந்தாம் நாள் குரல் கேட்டது. எல்லோரும் உயிரோடு இருக்கிறார்கள், லயத்துக்குப் பின்னால் மண் வெடித்திருக்கிறது, பள்ளிக்கூடத்தில் தங்கியிருக்கிறார்கள், நாம் சைக்கிள் தள்ளிய கல்ரோடு பாதி இல்லை. இனி அந்த லயத்தில் இருக்கக் கூடாது என்று அதிகாரிகள் வந்து சொல்லிவிட்டுப் போனார்களாம்.

"போகச் சொல்றது சரிதான் அக்கா. எங்க போறதுன்னு சொல்லணும்ல. சொந்தக் காணி இருக்கறவன் அதுல இன்னொரு மூலைக்கு போவான். எங்களுக்கு மூலை ஏது?"

காசு அனுப்பட்டுமா என்று கேட்டேன். சைக்கிள் இரண்டு மண்ணுக்குள் போய்விட்டன, அதற்கு வேண்டுமானால் அனுப்புங்கள் என்றார். வீட்டுக்கு வேண்டாம் என்றார். வீட்டுக்கு வேண்டியது உறுதிப் பத்திரத்தோடு ஏழு பேர்ச்சஸ், அதை அரசாங்கம்தான் தர வேண்டும், அதற்காகத் தோட்டத்தில் எல்லோரும் கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருக்கிறோம் என்றார். மனுவில் முகவரி கேட்கும் இடத்தில் என்ன எழுதினீர்கள் என்று விசாரித்தேன். தோட்ட ஆபீஸ் முகவரியைத் தவிர எழுத வேறு இல்லை. பதில் வந்தால் கையோடு எடுத்து வர, தினமும் ஒருவர் ஆபீசுக்குப் போய்ப் பார்ப்பதென்று முறை வைத்திருக்கிறார்கள்.